வேலூர் 1806: யார் பொறுப்பு?

பத்தாம் வகுப்பு சமூக அறிவியலில் வேலூர்ப் புரட்சியை நடத்தும்போது நம்மில் பலர் ஒரே வரிசையில்தான் போவோம். 1806 ஜூலை 10, புதிய தலைப்பாகை, கர்னல் பேன்கோர்ட் கொலை, ஆற்காட்டிலிருந்து கில்லெஸ்பி வருகை, புரட்சி அடக்கப்பட்டது, திப்புவின் பிள்ளைகள் கல்கத்தாவுக்கு அனுப்பப்பட்டனர். ஒரு மதிப்பெண் வினாவுக்கு இது போதும். ஐந்து மதிப்பெண் வினாவுக்கும் காரணம், போக்கு, விளைவு என்று மூன்று உட்தலைப்பு போட்டால் போதும்.

நானும் பல ஆண்டுகளாக அப்படித்தான் நடத்தி வந்தேன். தூத்துக்குடிக் கடலோரத்தில் உள்ள ஓர் அரசு உயர்நிலைப் பள்ளி எங்களுடையது. வகுப்பில் பாதிப் பேர் மீன்பிடிக் குடும்பத்துப் பிள்ளைகள். சிலருடைய அப்பாக்கள் சங்குகுளிக்குப் போகிறவர்கள். "புரட்சி அடக்கப்பட்டது" என்று பாடத்தை முடிக்கும் இடத்தில் ஒரு மாணவி எழுந்து, "அடக்குனாங்கன்னா என்ன செஞ்சாங்க டீச்சர்?" என்று கேட்டாள். நல்ல கேள்வி. 'அடக்கப்பட்டது' என்ற செயப்பாட்டுவினைக்குள் யார் செய்தது, யாருக்குச் செய்தது, யார் செய்யச் சொன்னது என்ற மூன்றும் மறைந்துவிடுகின்றன. தமிழாசிரியர்கள் இதைச் செய்வினையாக மாற்றிக் காட்டினால் பிள்ளைகளுக்கு இலக்கணமும் விளங்கும், வரலாறும் விளங்கும். எழுவாய் யார் என்று தேடினால் போதும்.

அன்று கோட்டைக்குள் நடந்ததை ஒரு முறை முழுதாகப் பார்த்துவிடுவோம்.

1805 நவம்பரில் சென்னைப் படையில் புதிய உடைவிதி வந்தது. பணியில் இருக்கும்போது நெற்றியில் சமயக்குறி இடக்கூடாது, காதணி கூடாது, தாடியை மழிக்க வேண்டும், மீசையை ஒரே அளவில் வைக்க வேண்டும், ஐரோப்பியத் தொப்பியைப் போன்ற, தோல் குஞ்சம் வைத்த தலைப்பாகையை அணிய வேண்டும். 1806 மே மாதம் வேலூரிலேயே சிப்பாய்கள் இதை எதிர்த்தனர். முதன்மையானவர்கள் சென்னைக்குக் கொண்டுசெல்லப்பட்டுக் கசையடி பெற்றனர். ஜூன் மாதத்தில் முஸ்தபா பெக் என்ற சிப்பாய், சதி நடக்கிறது என்று தன் மேலதிகாரியிடமே போய்ச் சொன்னார். அந்த அதிகாரி விசாரிக்கும் வேலையை இந்திய அதிகாரிகளிடம் விட்டார். அவர்கள், இவன் பைத்தியம் என்று சொல்லிவிட்டார்கள். விஷயம் அதோடு முடிந்தது. இந்த இடத்தை வகுப்பில் அழுத்திச் சொல்லுங்கள்; பின்னால் தேவைப்படும்.

ஜூலை 10 விடியற்காலை, இருட்டோடு இருட்டாகச் சிப்பாய்கள் எழுந்தனர். கோட்டையில் இருந்த 69ஆம் படைப்பிரிவின் ஆங்கிலேய வீரர்கள் படுக்கையில் இருக்கும்போதே குடியிருப்பின் சன்னல்கள் வழியாகச் சுட்டனர். 14 அதிகாரிகளும் 115 வீரர்களும் இறந்தனர். மருத்துவமனையில் கிடந்த நோயாளிகளும் தப்பவில்லை. நம் பக்கத்துக் கதை என்பதால் இதைச் சொல்லாமல் தாண்டிவிடும் பழக்கம் நமக்கு உண்டு. தாண்டக்கூடாது என்பது என் கருத்து. தூங்குகிறவனையும் நோயாளியையும் கொன்றது யார் கொன்றாலும் ஒன்றுதான். இதை முதலில் சொல்லிவிட்டால்தான் அடுத்ததைச் சொல்லும்போது பிள்ளைகள் நம்மை நம்புவார்கள்.

செய்தி சுமார் 25 கிலோமீட்டர் தொலைவில் உள்ள ஆற்காட்டுக்குப் போனது. கர்னல் ரோலோ கில்லெஸ்பி 19ஆம் குதிரைப்படையில் ஒரு பகுதியை அழைத்துக்கொண்டு காலையிலேயே வந்து சேர்ந்தார். கோட்டைச் சுவர்மேல் சார்ஜன்ட் பிராடி தலைமையில் எஞ்சியிருந்த சில வீரர்கள் தாக்குப்பிடித்துக்கொண்டிருந்தனர். கில்லெஸ்பி கயிற்றைப் பிடித்து மேலே ஏறி அவர்களோடு சேர்ந்தார். பீரங்கிகள் வந்ததும் வாயிற்கதவு உடைக்கப்பட்டது. குதிரைப்படை உள்ளே பாய்ந்தது. அதற்குள் சிப்பாய்களில் பலர் கொள்ளையில் இறங்கிச் சிதறியிருந்தனர். சண்டை என்று சொல்லத்தக்கது சிறிது நேரம்தான் நடந்தது.

அதற்குப் பிறகு நடந்ததுதான் அந்த மாணவி கேட்ட கேள்விக்கு விடை. வாயிற்கதவை உடைத்த பொறியாளர் படை அதிகாரி ஜான் பிளாக்கிஸ்டன் பிற்காலத்தில் தன் நினைவுகளை நூலாக எழுதினார். அது 1829இல் வெளிவந்தது. சுமார் நூறு சிப்பாய்கள் அரண்மனைக்குள் புகலடைந்திருந்தார்கள் என்றும், அவர்களை வெளியே இழுத்து வந்து ஒரு சுவரோரமாக நிறுத்தினார்கள் என்றும், அனைவரும் சாகும்வரை பீரங்கியிலிருந்து சிதறு குண்டுகளைச் சுட்டார்கள் என்றும் அதில் இருக்கிறது. ஆங்கிலேய அதிகாரிகள் பந்து விளையாடும் சுவர் அது. மற்ற நேரத்தில் இப்படிப்பட்டதைப் பார்க்கவே மனம் ஒப்பாது, அன்று அமைதியாகப் பார்த்துக்கொண்டிருந்தேன் என்ற பொருளில் அவரே எழுதியிருக்கிறார். எதிரி தரப்பினர் சாட்டிய குற்றச்சாட்டு அல்ல இது. உள்ளே இருந்தவர், செய்தவர்களின் பக்கத்தில் நின்றவர், மறைக்காமல் சொன்னது.

அன்று கோட்டையில் இறந்த சிப்பாய்களின் எண்ணிக்கையை 350 என்று சிலரும் 800 வரை என்று சிலரும் சொல்கின்றனர். நீதிமன்ற விசாரணைக்குப் பிறகு தண்டிக்கப்பட்டவர்கள் தனி: பீரங்கி வாயில் கட்டிச் சுடப்பட்டவர் 6 பேர், துப்பாக்கியால் சுடப்பட்டவர் 5 பேர், தூக்கிலிடப்பட்டவர் 8 பேர், நாடு கடத்தப்பட்டவர் 5 பேர். இந்த இரண்டு எண்களையும் கரும்பலகையில் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பாருங்கள். விசாரித்துக் கொன்றவர்கள் 19 பேர். விசாரிக்காமல் கொன்றவர்கள் எத்தனை பேர் என்று எழுத ஒரு சரியான எண்கூட இல்லை.

இங்கே ஒரு வேறுபாட்டைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். ஆயுதத்தோடு எதிர்த்து நிற்பவரைப் போரில் கொல்வது ஒன்று. ஆயுதம் இழந்து, பிடிபட்டு, கையில் சிக்கியவரைக் கொல்வது வேறு. கிளர்ச்சி செய்த சிப்பாய்க்கு அக்காலப் படைச்சட்டத்தில் மரண தண்டனை உண்டு என்பது உண்மை. ஆனால் அதற்கும் படைநீதிமன்றம் கூட வேண்டும், பெயர் கேட்க வேண்டும், இவன் செய்தானா என்று பார்க்க வேண்டும். சுவரோரம் நின்றவர்களில் சன்னல் வழியாகச் சுட்டவர் யார், பயந்து அரண்மனைக்குள் ஓடியவர் யார் என்று எவரும் கேட்கவில்லை.

சரி, யார் பொறுப்பு?

வகுப்பில் கேட்டால் முதல் விடை, பீரங்கிக்குத் தீ வைத்தவர். அடுத்த விடை கில்லெஸ்பி. இதோடு நின்றுவிடுவார்கள். நாம் ஒரு படி மேலே கூட்டிப்போக வேண்டும். கில்லெஸ்பிக்கு மேலே தலைமைத் தளபதி சர் ஜான் கிரடாக். அவர் பெயரால் விதிகளை எழுதி வெளியிட்ட அட்ஜுடன்ட் ஜெனரல் அக்னியூ, அதாவது படையின் நிர்வாக ஆணைகளுக்குப் பொறுப்பான அதிகாரி. இவர்களுக்கும் மேலே சென்னை ஆளுநர் வில்லியம் பெண்டிங். அவருக்கும் மேலே இலண்டனில் கம்பெனியின் இயக்குநர் குழு.

இலண்டன் விசாரித்தது. உடைவிதி கைவிடப்பட்டது. பெண்டிங், கிரடாக், அக்னியூ ஆகியோர் பொறுப்பாக்கப்பட்டுத் திரும்ப அழைக்கப்பட்டனர். பாடநூலிலும் இது இருக்கிறது. மேலிடத்தையே தண்டித்துவிட்டார்களே, நியாயமாகத்தானே நடந்திருக்கிறார்கள் என்று பிள்ளைகளுக்குத் தோன்றும்; முதலில் எனக்கும் அப்படித்தான் தோன்றியது. எதற்காகத் திரும்ப அழைத்தார்கள் என்று பார்த்தால் வேறு கதை. சிப்பாய்களின் மனநிலையை அறியாமல் விதி போட்டது, அதிருப்தி வந்த பிறகும் பிடிவாதம் காட்டியது, அதனால் ஆங்கிலேய உயிர்கள் போனது, கம்பெனியின் படைமேல் வைத்த நம்பிக்கை ஆட்டம் கண்டது. கணக்குக் கேட்டது இதற்கெல்லாம்தான். சுவரோரம் நிறுத்திச் சுட்டதற்காக ஒருவரும் அழைக்கப்படவில்லை. அங்கே கட்டளை கையில் வைத்திருந்த கில்லெஸ்பிக்கு 7000 பகோடா பரிசு கிடைத்தது. சார்ஜன்ட் பிராடிக்கு 800 பகோடா. யாரும் கேட்காத முஸ்தபா பெக்குக்கும் பரிசும் ஓய்வூதியமும் உண்டு. கில்லெஸ்பி 1814இல் நேபாளப் போரில், டேராடூனை அடுத்த கலுங்கா கோட்டைத் தாக்குதலில் இறந்தார். இலண்டன் புனித பால் பேராலயத்தில் அவருக்குச் சிலை இருக்கிறது.

பெண்டிங்கும் முடிந்துபோகவில்லை. தனக்கு அநீதி நடந்ததாக இயக்குநர் குழுவிடம் நீண்ட விண்ணப்பம் கொடுத்தார். 1828இல் தலைமை ஆளுநராகவே திரும்பி வந்தார். சதி ஒழிப்புப் பாடத்தில் வரும் அதே வில்லியம் பெண்டிங்தான். இரண்டு பாடத்திலும் வருகிறவர் ஒரே ஆள் என்று சொல்லும்போது பிள்ளைகள் முகத்தைப் பார்க்க வேண்டும். கிரடாக் பிறகு ஆப்பிரிக்காவின் தென்முனையில் கேப் குடியேற்றத்தின் ஆளுநரானார்.

கில்லெஸ்பியால் தன் வீரர்களைத் தடுத்திருக்க முடியாதா? ஆத்திரத்தில் இருந்தார்கள், தோழர்கள் செத்துக் கிடப்பதைக் கண்ணால் பார்த்தார்கள், யாராலும் நிறுத்தியிருக்க முடியாது என்று ஒரு வாதம் உண்டு. அன்று காலை நடந்ததே இதற்கு மறுமொழி சொல்கிறது. அதே அரண்மனையில்தான் திப்புவின் பிள்ளைகளும் இருந்தார்கள். அவர்களைக் கண்காணிக்கும் பொறுப்பில் இருந்த கர்னல் மாரியட் அவர்களுக்காகப் பேசினார். அவர்கள்மேல் ஒரு கீறலும் விழவில்லை. ஆத்திரம் கொண்ட வீரர்கள் ஓரிடத்தில் சொல்லுக்குக் கட்டுப்பட்டார்கள் என்றால் இன்னோரிடத்தில் கட்டுப்படுத்தப்படவில்லை என்றுதான் பொருள். பீரங்கியை இழுத்து வந்து, குண்டு நிரப்பி, நூறு பேரை வரிசையாக நிறுத்துவது கண நேர ஆத்திரத்தில் நடக்கிற காரியமும் அல்ல.

'கட்டளைப் பொறுப்பு' என்று இன்று சொல்லப்படுவது இதைத்தான். சட்டத்தின் மொழியில் சொன்னால் பத்தாம் வகுப்புக்குக் கடினம். எங்கள் வகுப்பில் சங்குகுளி இதை எளிதாக்கியது.

முத்துக்குளிப்பு நடந்த காலத்தில் குளிப்பவர் இடுப்பில் கயிறு, காலில் கல்லோடு கடலில் இறங்குவார். மேலே தோணியில் ஒருவர் கயிற்றைப் பிடித்திருப்பார். கீழிருந்து சைகை வந்ததும் இழுக்க வேண்டும். இன்று சங்குகுளிக்குப் போகிறவர்கள் கம்ப்ரசரிலிருந்து வரும் காற்றுக்குழாயை வாயில் கவ்விக்கொண்டு இறங்குகிறார்கள். மேலே குழாயைப் பார்த்துக்கொள்ள ஆள் உண்டு. நான் கேட்டேன்: கீழே போனவருக்கு ஏதாவது ஆனால் யார் பொறுப்பு? "மேல கயித்தப் புடிச்சிட்டு இருக்கவருதான் டீச்சர்" என்று பல குரல்கள். "அவர் கயித்த அறுக்கலையே? சும்மாதானே இருந்தாரு?" என்றேன். ஒரு பையன் சொன்னான்: "சும்மா இருந்ததுதான் டீச்சர் தப்பு. சும்மா இருக்கவா அவரை அங்க உக்கார வச்சிருக்கு?"

சட்டப் புத்தகம் சொல்வதும் கிட்டத்தட்ட இதுவே. மேலதிகாரி தானே கட்டளையிட்டிருந்தால் கேள்விக்கே இடமில்லை. கட்டளையிடாவிட்டாலும், தனக்குக் கீழ் உள்ளவர்கள் குற்றம் செய்யப்போகிறார்கள் அல்லது செய்கிறார்கள் என்று தெரிந்திருந்து அல்லது தெரிந்திருக்க வேண்டிய நிலையில் இருந்து, தடுக்கும் அதிகாரம் கையில் இருந்தும் தடுக்காவிட்டால் அவரும் பொறுப்பு. நடந்த பிறகு விசாரித்துத் தண்டிக்காமல் விட்டாலும் பொறுப்பு. கயிறு பிடிப்பவர் சைகை வந்ததைக் கவனிக்கவில்லை என்று சொல்லித் தப்ப முடியாது; கவனிப்பதற்காகத்தான் அங்கே இருக்கிறார். ஆனால் பிடிக்க அவர் கையில் கயிறே இல்லையென்றால், அதாவது கட்டுப்பாடே அவரிடம் இல்லையென்றால், அவரைக் குற்றம் சொல்ல முடியாது.

இந்தக் கடைசி வாக்கியத்தில்தான் வழக்குகளே நடக்கின்றன. இரண்டாம் உலகப் போர் முடிவில் பிலிப்பைன்ஸில் ஜப்பானியப் படைகள் செய்த கொடுமைகளுக்காக ஜெனரல் யமஷிதா மீது அமெரிக்க இராணுவ ஆணையம் வழக்கு நடத்தியது. அவர் கட்டளையிட்டார் என்பதைவிட, படையைக் கட்டுப்படுத்தும் கடமையில் தவறினார் என்பதே குற்றச்சாட்டு. தகவல் தொடர்பே அறுந்துபோன நிலையில் எப்படிக் கட்டுப்படுத்துவேன் என்பது அவர் தரப்பு. அமெரிக்க உச்ச நீதிமன்றத்தில் இரண்டு நீதிபதிகள் மாறுபட்டுத் தீர்ப்பு எழுதியும், 1946 பிப்ரவரியில் தூக்கிலிடப்பட்டார். தோற்றவருக்கு மட்டும் இந்தச் சட்டமா என்ற கேள்வி அன்றே எழுந்தது, இன்றும் ஓயவில்லை. 1998இல் ரோம் நகரில் உருவான பன்னாட்டுக் குற்றவியல் நீதிமன்றச் சட்டத்தில் இக்கோட்பாடு 28ஆம் பிரிவாக எழுதப்பட்டிருக்கிறது. அந்த ஒப்பந்தத்தில் இந்தியா இணையவில்லை. ஆனால் பிடிபட்டவரையும் ஆயுதம் போட்டவரையும் கொல்லக்கூடாது என்னும் 1949ஆம் ஆண்டு ஜெனீவா உடன்படிக்கைகளை நாம் ஏற்றிருக்கிறோம். அதற்கென 1960இல் நம் நாடாளுமன்றம் சட்டமும் இயற்றியது.

1806இல் இப்படி எழுதப்பட்ட சட்டம் எதுவும் இல்லையே, இன்றைய அளவுகோலை அன்றைக்கு வைக்கலாமா என்று ஆசிரியர் அறையில் ஒரு நண்பர் கேட்டார். சரியான கேள்விதான். அதற்கு நான் தேடிய விடை இரண்டு இடங்களில் கிடைத்தது. ஒன்று கடல் கடந்து. இன்னொன்று எங்கள் ஊரிலேயே.

முதலில் கடல் கடந்தது. அமெரிக்க உள்நாட்டுப் போரின்போது, 1864 ஏப்ரல் 12இல், மிசிசிப்பி ஆற்றங்கரையில் பில்லோ கோட்டை என்ற இடத்தைத் தென்மாநிலங்களின் தளபதி நேதன் பெட்ஃபோர்டு ஃபாரஸ்ட் தாக்கினார். கோட்டையில் சுமார் 600 பேர். அவர்களில் ஏறத்தாழப் பாதிப் பேர் கறுப்பின வீரர்கள். பெரும்பாலும் அடிமைத்தளையிலிருந்து வந்தவர்கள். தாக்குமுன் ஃபாரஸ்ட் ஓர் ஓலை அனுப்பினார்: சரணடையாவிட்டால் உங்கள் படைக்கு நேரும் கதிக்கு நான் பொறுப்பாக முடியாது என்று. கோட்டை வீழ்ந்த பிறகு, ஆயுதத்தைப் போட்டுவிட்டுக் கையைத் தூக்கியவர்களும் கொல்லப்பட்டனர். இறந்தவர்கள் ஏறத்தாழ 300 பேர். வெள்ளை வீரர்களில் பெரும்பாலோர் கைதிகளாகப் பிழைத்தனர். கறுப்பின வீரர்களில் பெரும்பாலோர் பிழைக்கவில்லை. கொல்லச் சொன்னவர் ஃபாரஸ்ட்தானா, அவர் நிறுத்தப் பார்த்தாரா என்பதில் சாட்சிகள் இரு விதமாகவும் சொல்கிறார்கள்.

இத்தனைக்கும் அதற்கு முந்தைய ஆண்டே, சரணடைந்தவரைக் கொல்லக்கூடாது என்று லிங்கன் அரசு தன் படைக்கு எழுத்து வடிவில் விதி வெளியிட்டிருந்தது. தென்மாநில அரசோ கறுப்பின வீரர்களைப் போர்க்கைதிகளாக மதிக்கவே மறுத்துவந்தது. மேலிடமே அப்படி இருக்கும்போது கீழே இருக்கும் வீரன் என்ன புரிந்துகொள்வான்? எழுதிய கட்டளை எதுவும் அவனுக்குத் தேவைப்படாது. அமெரிக்க நாடாளுமன்றக் குழு உடனே நேரில் சென்று பிழைத்தவர்களிடம் சாட்சியம் பதிவுசெய்தது. அதற்குமேல் நகரவில்லை. ஃபாரஸ்ட் மீது வழக்கே நடக்கவில்லை. 1868இல் குடியரசுத் தலைவர் ஆண்ட்ரூ ஜான்சன் அவருக்கு மன்னிப்பு அளித்தார். கறுப்பின மக்களை அச்சுறுத்திய கு கிளக்ஸ் கிளான் அமைப்பின் முதல் தலைவராகவும் அவர் ஆனார். டென்னசி மாநிலத் தலைமைச் செயலக மண்டபத்தில் இருந்த அவருடைய மார்பளவுச் சிலை 2021இல்தான் அகற்றப்பட்டது.

வேலூரில் எழுதிய விதி இல்லை, யாரும் தண்டிக்கப்படவில்லை. பில்லோ கோட்டையில் எதிர்த்தரப்பிலாவது எழுதிய விதி இருந்தது, விசாரணையும் நடந்தது. அங்கும் யாரும் தண்டிக்கப்படவில்லை. எனவே சட்டம் எழுதப்பட்டதா என்பது மட்டுமே எல்லாவற்றையும் தீர்மானிப்பதில்லை. இறந்தவர்களை யாராக நினைத்தார்கள் என்பதும் பெரிய அளவுக்குத் தீர்மானித்திருக்கிறது.

இரண்டாவது விடை எங்கள் ஊர். 1801 பிப்ரவரியில் பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பிய ஊமைத்துரையும் அவர் ஆட்களும் பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையை மீண்டும் கட்டினார்கள். தூத்துக்குடியையும் கைப்பற்றினார்கள். துறைமுகப் பொறுப்பில் இருந்த ஆங்கிலேய அதிகாரியைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அந்த அதிகாரியின் மனைவி பின்தொடர்ந்து போய்க் கணவருக்காக மன்றாடினார். அவரை உயிரோடு விடுவித்து, உடைமைகளையும் திருப்பித் தந்து அனுப்பிவிட்டார்கள். ஊமைத்துரையின் அண்ணன் கட்டபொம்மனைக் கயத்தாற்றில் தூக்கிலிட்டு இரண்டு ஆண்டுகூட ஆகவில்லை அப்போது. பழி தீர்க்க வேண்டிய காரணம் இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. கால்டுவெல்லின் திருநெல்வேலி வரலாற்றில் இந்நிகழ்ச்சி இருக்கிறது. ஒரு நிகழ்ச்சியை வைத்துப் பாளையக்காரர்கள் எல்லாரும் இப்படித்தான் என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் கையில் சிக்கியவனைக் கொல்லாமல் விடலாம், அதற்கு ஜெனீவா உடன்படிக்கை வரும்வரை காத்திருக்க வேண்டியதில்லை என்பது வேலூருக்கு ஐந்து ஆண்டுகளுக்கு முன்பே இந்தக் கடற்கரையில் தெரிந்திருந்தது.

அதே 1801 மே 24இல் பாஞ்சாலங்குறிச்சியை வீழ்த்தியவர் யார் தெரியுமா? லெப்டினன்ட் கர்னல் அக்னியூ. வேலூர்த் தலைப்பாகையின் அதே அக்னியூ. அக்டோபரில் மருது சகோதரர்கள் திருப்பத்தூரில் தூக்கிலிடப்பட்டபோதும், நவம்பரில் ஊமைத்துரை பாஞ்சாலங்குறிச்சியிலேயே கொல்லப்பட்டபோதும் தெற்கில் படை நடத்தியவர் அவர்தான். அடுத்த ஆண்டு 73 பேர் தூத்துக்குடித் துறைமுகத்திலிருந்து கப்பலேற்றப்பட்டுப் பினாங்குக்குக் கொண்டுபோகப்பட்டனர். பாடநூலில் பாளையக்காரர் பகுதியிலும் வேலூர்ப் பகுதியிலும் இந்தப் பெயர் தனித்தனியாக வருவதால் பிள்ளைகள் இரண்டு பேர் என்று நினைக்கிறார்கள். இரண்டையும் இணைத்துக் காட்டுங்கள். பாஞ்சாலங்குறிச்சிக்காக அவரிடம் எவரும் கணக்குக் கேட்கவில்லை. ஐந்தாண்டு கழித்து ஒரு தலைப்பாகைக்காகக் கேட்டார்கள்.

இந்தப் பாடத்தை இப்படி நடத்தினால் வகுப்பில் ஒரு கேள்வி வரும். எங்கள் ஊரில் வராமல் இருக்காது. வந்தது. "அப்போ 2018ல நம்ம ஊர்ல?" என்று கடைசி வரிசையிலிருந்து ஒரு மாணவன் கேட்டான். வகுப்பு அமைதியாகிவிட்டது. அந்தப் பிள்ளைகளில் சிலர் வீட்டில் அந்த மே 22ஆம் நாளைப் பற்றிப் பேசிக் கேட்டு வளர்ந்தவர்கள். பேச்சை மாற்றிவிடலாம் என்று ஒரு கணம் தோன்றும். மாற்றினால் அதுவரை நடத்திய பாடம் வீண். பொதுவெளியில் உள்ளதை மட்டும் சொன்னேன். போராட்டத்தின்போது நடந்த துப்பாக்கிச் சூட்டில் 13 பேர் இறந்தார்கள். நீதியரசர் அருணா ஜெகதீசன் தலைமையில் ஒருநபர் ஆணையம் அமைக்கப்பட்டது. அதன் அறிக்கை 2022 அக்டோபரில் சட்டப்பேரவையில் வைக்கப்பட்டது. சுட்டவர்களோடு நின்றுவிடாமல், அவர்களுக்கு மேலே இருந்த காவல்துறை, வருவாய்த்துறை அதிகாரிகளின் பொறுப்பையும் அந்த அறிக்கை பேசியது. விசாரணை ஆணையம் தண்டனை வழங்க முடியாது, பரிந்துரைதான் செய்யும். தண்டிப்பது நீதிமன்றத்தின் வேலை என்பதையும் சொன்னேன். குடிமையியல் பாடத்தில் இதைத் தனியாக நடத்தத் தேவையே இல்லாமல் போயிற்று. அவர் செய்தது சரியா, இவர் செய்தது தவறா என்று நான் தீர்ப்புச் சொல்லவில்லை. கேட்ட மாணவனும் அதை எதிர்பார்க்கவில்லை. கேட்கலாமா என்றுதான் பார்த்தான் போலும்.

நடத்த விரும்பும் ஆசிரியர்களுக்குச் சில அனுபவக் குறிப்புகள். இரண்டு பாடவேளை வேண்டும். ஒன்றில் அடைக்கப் பார்த்தால் கதை மட்டும் மிஞ்சும். சுவரோரம் நடந்ததை விரித்து நடிக்க வைக்க வேண்டாம். ஒரு முறை வேறொரு பாடத்துக்கு அப்படிச் செய்ததைப் பார்த்திருக்கிறேன், பிள்ளைகள் சுடுகிற விளையாட்டாக மாற்றிவிட்டார்கள். அதற்குப் பதில் ஒரு தாளில் பெயர்களை வரிசையாக எழுதச் சொல்லுங்கள்: பீரங்கி சுட்ட வீரர், கில்லெஸ்பி, முஸ்தபா பெக் சொன்னதை விட்டுவிட்ட அதிகாரி, அக்னியூ, கிரடாக், பெண்டிங், இயக்குநர் குழு. கிளர்ச்சியை நடத்திய சுபேதார்கள் ஷேக் ஆதம், ஷேக் அமீது, ஜமேதார் ஷேக் உசேன் பெயர்களையும் கட்டாயம் சேர்க்க வேண்டும். மருத்துவமனையில் இறந்தவர்களுக்கு அவர்களிடமும் கேள்வி உண்டு. ஒவ்வொருவருக்கும் எதிரே மூன்று கேள்விகள்: இவருக்குத் தெரியுமா? தடுக்கும் அதிகாரம் இருந்ததா? நடந்த பிறகு என்ன செய்தார்? நான்காவது ஒரு கட்டத்தில், பிறகு இவருக்கு என்ன கிடைத்தது என்று எழுதச் சொல்லுங்கள். நான்காவது கட்டத்தை நிரப்பும்போதுதான் விவாதம் சூடுபிடிக்கும்.

விடைகள் ஒன்றாக இருக்காது. எங்கள் வகுப்பில் ஒரு குழு, பெண்டிங்குக்கு எதுவும் தெரிந்திருக்க வழியில்லை, சென்னையில் இருந்தவர் சில மணி நேரத்தில் என்ன செய்வார் என்று எழுதியது. இன்னொரு குழு மூன்றாவது கேள்வியைக் காட்டி மறுத்தது: அன்றைக்குத் தெரியாது, சரி; அடுத்த மாதம் தெரியுமே, கில்லெஸ்பியை ஏன் விசாரிக்கவில்லை? இரண்டுக்கும் முழு மதிப்பெண் கொடுத்தேன். முஸ்தபா பெக்கைப் பைத்தியம் என்று சொன்ன இந்திய அதிகாரிகளை எந்தக் கட்டத்தில் போடுவது என்பதில் மட்டும் மணி அடிக்கும்வரை முடிவு வரவில்லை. அவர்கள் சிப்பாய்களைக் காப்பாற்றினார்களா, இரண்டு பக்கத்தின் சாவுக்கும் காரணமானார்களா? அந்தக் கட்டம் எங்கள் வகுப்புச் சுவரில் ஒட்டிய தாளில் இன்னும் வெறுமையாகத்தான் இருக்கிறது.